3 நிமிட ரீல்ஸ் 1940-லேயே இருந்தது! தமிழில் அதற்கும் முன்னாடியே: அது எங்கே போச்சு?

பள்ளுருத்தியில் பஸ்ஸுக்குக் காத்திருந்தாலும் சரி, பெருங்குடியில் லஞ்ச் பிரேக்கில் இருந்தாலும் சரி, உங்க விரல் தேடுவது ஒன்றுதான்: ஒரு பாட்டு, கொஞ்சம் ஆட்டம், அடுத்த வீடியோ. இந்தப் பழக்கத்துக்கு வயசு 80-ஐத் தாண்டிவிட்டது.

சவுண்டீஸ் என்றால் என்ன?

1940 முதல் 1946 வரை அமெரிக்காவில் எடுக்கப்பட்ட 3 நிமிடப் பாட்டுப் படங்கள். மொத்தம் 1,800-க்கும் மேல். பார், ஓட்டல்களில் 'பனோரம்' என்ற பீரோ சைஸ் பெட்டி நிற்கும். 10 சென்ட் காசு போட்டால் ஒரு படம் ஓடும். உள்ளே 8 படங்கள் ஒரே சுருளாக இருக்கும்; எது வரும் என்பது உங்க கையில் இல்லை.

அதில் என்ன விசேஷம்?

அன்றைய ஹாலிவுட்டில் கறுப்பினக் கலைஞர்களின் பாட்டும் ஆட்டமும் பெரும்பாலும் கதையோடு ஒட்டாத தனிக்காட்சி. தென் மாநிலத் தியேட்டர்களுக்காக அதை வெட்டிவிடுவார்கள். சவுண்டீஸில் வெட்ட வழியில்லை. பாட்டுதான் முழுப் படமே. 1941-ல் டியூக் எலிங்டன் குழு ஜாஸ் வாசிக்க, 'ஒயிட்டீஸ் லிண்டி ஹாப்பர்ஸ்' பறந்து பறந்து ஆடியதை இன்றும் யூடியூபில் பார்க்கலாம்.

தமிழில்?

9 வருஷம் முன்னாடியே வந்தாச்சு. 1931 அக்டோபர் 31, சென்னை கினிமா சென்ட்ரல் தியேட்டரில் 'காளிதாஸ்' வெளியானது. அதோடு 'குறத்திப் பாட்டும் டான்ஸும்' என்ற 4 ரீல் குறும்படமும் ஓடியது. இரண்டிலும் டி.பி. ராஜலட்சுமி. 1936-ல் 'மிஸ் கமலா'வை இயக்கியவரும் இவர்தான். ஆனால் அந்த முதல் ஆட்டத்தை நீங்க பார்க்க முடியாது. படமே மிஞ்சவில்லை.

அது தப்பியது, இது ஏன் தப்பவில்லை?

சவுண்டீஸ் 16 எம்.எம். பிலிமில் வந்தது, எளிதில் தீப்பிடிக்காது. ஊர் ஊராக நின்ற பெட்டிகளுக்காக ஒவ்வொன்றுக்கும் நிறைய பிரதிகள் போட்டார்கள். தொழில் படுத்த பிறகு, வீட்டில் போட்டுப் பார்க்கவும் விற்றார்கள்.

நம் தியேட்டர் படங்கள் நைட்ரேட் பிலிமில் வந்தவை. சட்டென்று தீப்பிடிக்கும், நாளாக நாளாகப் பொடியாகும். ஓடி முடிந்ததும் வெள்ளியைப் பிரித்தெடுக்க அழிக்கப்பட்டவை ஏராளம். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததே 1964-ல்தான்.

நீங்க என்ன செய்யலாம்?

தாத்தா வீட்டுப் பரணில் பிலிம் டப்பா கிடந்தால் ஓட்டிப் பார்க்காதீங்க, அனல் படவிடாதீங்க, பழைய இரும்புக் கடைக்கும் போடாதீங்க. புனே காப்பகத்துக்குத் தகவல் சொல்லுங்க. அம்மா பாடிய வீடியோ ஒரே ஒரு ஆப்பில் மட்டும் இருக்கிறதா? இன்றைக்கே இன்னும் இரண்டு இடத்தில் சேமித்து வையுங்க.