ஒரு டாக்குமென்டரி பிரிட்னி ஸ்பியர்ஸை விடுவித்ததா?

2008-ல் பாப் பாடகி பிரிட்னி ஸ்பியர்ஸுக்கு வயது 26. அதற்குப் பிறகும் ஆல்பங்கள் வெளியிட்டார், டிவி ஷோவில் நடுவராக இருந்தார், லாஸ் வேகஸில் 4 வருஷம் மேடையேறினார். ஆனா, அந்த சம்பாத்தியத்தை இஷ்டத்துக்குச் செலவு பண்ணும் உரிமை மட்டும் அவருக்கு இல்லை.

காரணம், 'கன்சர்வேட்டர்ஷிப்'.

அது என்ன?

தன்னைத்தானே கவனித்துக்கொள்ள முடியாதவர்களின் சொத்தையும் அன்றாட வாழ்க்கையையும் இன்னொருவர் பொறுப்பில் நீதிமன்றம் ஒப்படைக்கும் ஏற்பாடு. பெரும்பாலும் முதியவர்களுக்கானது. மனநல நெருக்கடியில் இருந்த பிரிட்னி, 2008-ல் இந்த ஏற்பாட்டுக்குள் கொண்டுவரப்பட்டார். கட்டுப்பாடு அப்பா ஜேமி ஸ்பியர்ஸ் கைக்குப் போனது. தற்காலிகம் என்று தொடங்கியது 13 வருஷம் நீடித்தது.

படம் என்ன செய்தது?

2021 பிப்ரவரியில் நியூயார்க் டைம்ஸின் 'ஃப்ரேமிங் பிரிட்னி ஸ்பியர்ஸ்' வெளியானது. அதில் பெரும்பகுதி, எல்லோரும் எப்போதோ பார்த்த காட்சிகள்தான்: காரைச் சூழும் பாப்பராஸி கேமராக்கள், காதல் முறிவுக்கு அவரையே குற்றவாளியாக்கும் பேட்டிகள். அன்றைக்கு கிசுகிசுவாக ரசித்ததை வரிசையாகப் பார்த்தபோது, ஒரு பெண்ணைத் துரத்தித் துரத்தி நோகடித்த கதையாகத் தெரிந்தது. ஒரே வாரத்தில், முன்னாள் காதலர் ஜஸ்டின் டிம்பர்லேக் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டார்.

அப்போ, விடுதலை கிடைத்தது படத்தாலா?

முழுசா அப்படிச் சொல்ல முடியாது. 2019-லேயே ரசிகர்கள் 'ஃப்ரீ பிரிட்னி' பதாகைகளோடு நீதிமன்ற வாசலில் நின்றார்கள். அவர்களை உலகம் சீரியஸாக எடுத்துக்கொள்ள வைத்தது படம். திருப்புமுனை, 2021 ஜூன் 23-ல் பிரிட்னியே நீதிபதியிடம் பேசியதுதான். இன்னொரு குழந்தை பெற ஆசை இருந்தும் கருத்தடை சாதனத்தை அகற்ற விடவில்லை என்றார். இந்த ஏற்பாட்டை முடிக்கச் சொல்லி மனு போடலாம் என்பதே தனக்குத் தெரியாது என்றார். ஜூலையில் தன் விருப்பப்படி வக்கீல் வைத்துக்கொள்ள அனுமதி கிடைத்தது. செப்டம்பரில் அப்பா இடைநீக்கம். நவம்பர் 12-ல் எல்லாம் முடிவுக்கு வந்தது.

இதற்கிடையே கலிஃபோர்னியா சட்டமும் மாறியது. கன்சர்வேட்டர்ஷிப்பில் இருப்பவர்கள் தங்கள் வக்கீலைத் தாங்களே தேர்ந்தெடுக்க வழி பிறந்தது. புகழ் இல்லாத, பெயர் தெரியாத பலருக்கும் இது பொருந்தும்.

பிரிட்னி என்ன சொன்னார்?

இங்கேதான் சிக்கல். படத்தில் அவர் பேட்டி தரவில்லை. முழுசா பார்க்கவில்லை, பார்த்த வரைக்கும் அவமானமாக இருந்தது, இரண்டு வாரம் அழுதேன் என்று இன்ஸ்டாகிராமில் எழுதினார். அவருக்கு நியாயம் கேட்டு எடுத்த படத்துக்கும், அவரை நோகடித்த அதே பழைய காட்சிகள் தேவைப்பட்டன. 2021 செப்டம்பர் கடைசி வாரத்தில் அவரைப் பற்றி மேலும் சில டாக்குமென்டரிகள் வரிசைகட்டின. அனுதாபத்துக்கும் மார்க்கெட் உண்டு!

2023 அக்டோபரில் 'தி வுமன் இன் மீ' என்ற புத்தகத்தில் பிரிட்னி தன் கதையைத் தானே சொன்னார். அடுத்த முறை ஒரு நட்சத்திரத்தைப் பற்றிய டாக்குமென்டரிக்கு பிளே பட்டனை அழுத்தும்போது ஒன்றைக் கவனிங்க: கதைக்குச் சொந்தக்காரர் அதில் பேசுகிறாரா, இல்லை அவரைப் பற்றி மற்றவர்கள் மட்டும்தான் பேசுகிறார்களா?