எட்டு வாரம் காத்திருக்குமா இந்திப் படம்?

2025 மே 9, வெள்ளிக்கிழமை. 'பூல் சுக் மாஃப்' என்ற இந்திப் படம் அன்று திரைக்கு வந்திருக்க வேண்டும். நாயகன் ராஜ்குமார் ராவ். முன்பதிவுகூடத் தொடங்கியாகிவிட்டது. அதற்கு முந்தைய நாள் தயாரிப்பாளர் தரப்பிலிருந்து அறிவிப்பு வந்தது: நாட்டின் பாதுகாப்புச் சூழல் காரணமாகத் தியேட்டரில் வெளியீடு இல்லை, மே 16 அன்று நேரடியாக அமேசான் பிரைமில் பார்க்கலாம். மல்டிபிளெக்ஸ் நிறுவனமான பிவிஆர் ஐநாக்ஸ் மும்பை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. கேட்ட இழப்பீடு 60 கோடி ரூபாய். தியேட்டர் வெளியீட்டுக்கும் ஓடிடிக்கும் இடையே ஒப்பந்தத்தில் எட்டு வார இடைவெளி இருப்பதைக் காட்டி வாதிட்டது. நீதிமன்றம் ஓடிடி வெளியீட்டுக்கு இடைக்காலத் தடை விதித்தது. பிறகு சமரசமாகி, மே 23 அன்று படம் தியேட்டருக்கு வந்தது. சரியாக இரண்டு வாரத்தில், ஜூன் 6 அன்று, பிரைமுக்கும் வந்துவிட்டது.

இந்திப் பட விநியோகம் இன்று இந்த வாரக் கணக்கில்தான் நிற்கிறது. முன்பு அது ஊர்க் கணக்காக இருந்தது. மும்பை, டெல்லி–உ.பி., கிழக்குப் பஞ்சாப், நிஜாம், மைசூர், சி.பி. (மத்திய மாகாணம்), சி.ஐ. (மத்திய இந்தியா) என்று பெரும்பாலும் வெள்ளைக்காரர் காலத்து எல்லைகளை வைத்தே ஏரியா பிரித்தார்கள். விநியோகஸ்தர் மினிமம் கியாரண்டி கொடுத்து உரிமை வாங்குவார். நன்றாக ஓடினால் மிகுதி லாபத்தைத் தயாரிப்பாளரோடு பகிர்வார், படுத்தால் நஷ்டம் அவருக்கே. பிரிண்ட் போடும் செலவு அதிகம் என்பதால் பெட்டி முதலில் பெருநகரங்களுக்குப் போகும். அங்கே ஓடித் தேய்ந்த பிரிண்ட்தான் பல வாரம் கழித்துச் சிற்றூருக்கு வரும்.

திருட்டுப் பிரதி நுழைந்தது அந்த இடைவெளியில்தான். 1980களில் அது வீடியோ கேசட்டாக வந்தது. 1984இல் பதிப்புரிமைச் சட்டத்தையே திருத்தித் தண்டனையைக் கடுமையாக்க வேண்டியிருந்தது. 1994இல் 'ஹம் ஆப்கே ஹைங் கோன்' படத்துக்கு ராஜ்ஸ்ரீ நிறுவனம் கேசட் உரிமையை விற்காமலே வைத்துக்கொண்டது. பார்க்க வேண்டுமென்றால் தியேட்டருக்குத்தான் வர வேண்டும் என்ற அந்த உறுதி பலித்தது. அடுத்த நூற்றாண்டில் யுஎஃப்ஓ போன்ற நிறுவனங்கள் செயற்கைக்கோள் வழியாகப் படத்தை அனுப்பத் தொடங்கியபின், டெல்லியில் வெளியாகும் அன்றே உ.பி.யின் சிறு நகரத்திலும் முதல் காட்சி போட முடிந்தது. 2007 வாக்கில் மோசர் பேர் நிறுவனம் 28 ரூபாய்க்கு வி.சி.டி.யும் 34 ரூபாய்க்கு டி.வி.டி.யும் விற்று, நடைபாதைத் திருட்டு வட்டோடு விலையிலேயே மோதியது. சட்டத்தைவிட வேகமும் விலையும்தான் திருடனுக்கு அதிக நெருக்கடி தந்தன. இந்தி சினிமாவின் இந்த அனுபவத்தை இன்றைய பேச்சுகளில் யாரும் போதுமான அளவு நினைவுகூர்வதில்லை.

இணையம் வந்தபின் திருட்டு எங்கிருந்து நடக்கிறது என்பதும் மாறியது. 2016 ஜூனில் 'உட்தா பஞ்சாப்' தணிக்கைக் குழுவோடு மல்லுக்கட்டி, நீதிமன்றம் போய் ஒரே ஒரு வெட்டோடு அனுமதி பெற்றது. வெளியாக இரண்டு நாள் இருக்கும்போது முழுப் படமும் இணையத்தில் கசிந்தது. அந்தப் பிரதியின் மேல் 'சென்சாருக்காக' என்ற எழுத்து இருந்தது. தியேட்டர் இருட்டில் கேமரா வைத்து எடுத்த மங்கல் பிரிண்ட் அல்ல அது. அடுத்த மாதமே 'கிரேட் கிராண்ட் மஸ்தி'யும் கசிந்து, வெளியீட்டுத் தேதியையே ஒரு வாரம் முன்னுக்கு இழுக்க வேண்டி வந்தது.

கொரோனா காலம் மிச்சமிருந்த ஒழுங்கையும் கலைத்தது. 2020 ஜூன் 12 அன்று அமிதாப் பச்சன் நடித்த 'குலாபோ சிதாபோ' தியேட்டரைத் தொடாமலே பிரைமில் வந்தது. 2021 மே மாதம் சல்மான் கானின் 'ராதே' படத்தை ஜீ நிறுவனம் ஒரு தடவை பார்க்க 249 ரூபாய் என்று இணையத்தில் விட்டது. சில மணி நேரத்தில் தெளிவான திருட்டுப் பிரதி வாட்ஸ்அப், டெலிகிராமில் சுற்றியது. பிரதியை விற்ற எண்களை முடக்கும்படி வாட்ஸ்அப்புக்கு டெல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஓடிடி வந்தால் திருட்டு ஒழியும் என்று நம்பியவர்களுக்கு அது கசப்பான பாடம். ஓடிடியில் ஏறிய படத்துக்குத் திருடனிடமும் நல்ல தரத்தில் பிரதி கிடைத்துவிடுகிறது.

இழப்பு சின்னதல்ல. எல்லா மொழிகளையும் சேர்த்து 2023இல் இந்தியாவின் திருட்டுச் சந்தை 22,400 கோடி ரூபாய் என்று ஈ.ஒய். நிறுவனத்தின் அறிக்கை மதிப்பிட்டது. அதே ஆண்டு திருத்தப்பட்ட திரைப்படச் சட்டம் மூன்று மாதம் முதல் மூன்றாண்டு வரை சிறையும், தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை அபராதமும் விதிக்கிறது.

இதற்கிடையே தேசிய மல்டிபிளெக்ஸ்கள் இந்திப் படங்களுக்கு எட்டு வார இடைவெளியை வற்புறுத்துகின்றன. தமிழ்ப் படங்களுக்கும் இது வலித்தது. நான்கு வாரத்தில் ஓடிடிக்குப் போகவிருந்த விஜய்யின் 'லியோ' இந்தி வடிவத்தை 2023இல் அவை திரையிடவே இல்லை. தியேட்டர்காரர்கள் கேட்பதில் நியாயம் உண்டு. மாதம் பிறந்தால் வீட்டிலேயே வரும் என்று தெரிந்தால் குடும்பத்தோடு டிக்கெட் எடுக்க யார் வருவார்? ஆனால் இரண்டாவது வெள்ளியன்றே திரையை இழக்கும் சிறு படத்துக்கு இந்த விதி கொடுமை. மீதி ஆறேழு வாரம் அது தியேட்டரிலும் இல்லை, ஓடிடியிலும் இல்லை. பார்க்க விரும்புகிறவருக்குத் திறந்திருக்கும் ஒரே கடை திருடனுடையது.

ஆமிர் கான் 2025இல் வேறு வழியை முயன்றார். ஜூன் 20 அன்று வெளியான 'சிதாரே ஜமீன் பர்' படத்தைச் சந்தா ஓடிடிக்குக் கொடுக்காமல், ஆறு வாரம் கழித்து ஆகஸ்ட் 1 அன்று யூடியூபில் 100 ரூபாய் வாடகைக்கு விட்டார். சந்தா கட்டாத, கையில் ஃபோன் மட்டும் இருக்கும் கோடிக்கணக்கானவர்களை எட்ட இதுவே சரியான திசை. எட்டு வாரக் காவல் சந்தா ஓடிடிக்கு மட்டும் இருக்கட்டும். தியேட்டரை விட்டு இறங்கிய படத்துக்கு மறுநாளே, எளியவர் கொடுக்கக்கூடிய விலையில் வாடகை வசதி திறக்க வேண்டும். தயாரிப்பாளர்களும் மல்டிபிளெக்ஸ்களும் வழக்கு வழக்காகச் சண்டையிடுவதை விட்டு, இதை எல்லாப் படங்களுக்குமான எழுத்துப்பூர்வ விதியாக்க வேண்டும்.