வழக்குப் படி – 17: வாபஸ் வாங்கும் முன்

கட்டைப் புரட்டிய நீதிபதி, "இதற்கு ஏன் இங்கே வந்தீர்கள்? தீர்ப்பாயம் இருக்கிறதே" என்று கேட்டுவிட்டால் அனுபவமுள்ள வக்கீல் மேலே வாதாட மாட்டார். வாதாடித் தோற்றால் பாதகமான தீர்ப்பு கட்சிக்காரரின் தலையில் விழும். வாபஸ் வாங்கினால் அந்தத் தொல்லை இல்லை. ஆனால், அந்த உத்தரவில் என்ன எழுதுகிறார்கள் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. "வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி" என்பது ஒரு வகை. "உரிய மன்றத்தை அணுக அனுமதியளித்து" என்பதையும் சேர்த்து எழுதுவது இன்னொரு வகை.

மத்தியப் பிரதேசத்தின் சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் இந்த வேறுபாட்டை உச்ச நீதிமன்றம்வரை போய்த் தெரிந்துகொண்டது. உயர் நீதிமன்றத்தில் போட்ட ரிட் மனுவை அனுமதி எதுவும் கேட்காமல் வாபஸ் வாங்கிவிட்டு, அதே விவகாரத்துக்கு அங்கேயே மறுபடி ஒரு ரிட் போட்டது. செல்லாது என்றது உயர் நீதிமன்றம். 1986-இல் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதிசெய்தது. அனுமதியின்றிக் கைவிட்ட வழக்கை மறுபடி தொடுக்கக் கூடாது என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டம் 23-ஆம் கட்டளையில் உள்ள விதி. பொதுநலன் கருதி ரிட் மனுவுக்கும் அது பொருந்தும் என்றார்கள். இந்த நீதிபதி சரிப்படவில்லை, அடுத்தவரிடம் பார்ப்போம் என்று பெஞ்ச் தேடி அலைவதைத் தடுப்பதுதான் நோக்கம்.

நியாயமான கவலைதான். ஆனால் வக்கீல் ஒரு வரி கேட்க மறந்ததற்குக் கட்சிக்காரர் தண்டனை அனுபவிப்பது எனக்கு உறுத்தலாகவே இருக்கிறது. நல்லவேளையாக, எல்லாக் கதவையும் அந்தத் தீர்ப்பு சாத்தவில்லை. சிவில் வழக்குப் போடலாம். அரசியலமைப்பின் 32-ஆவது பிரிவின்கீழ் உச்ச நீதிமன்றம் போகலாம். ஆட்கொணர்வு போன்ற, தனிமனித சுதந்திரம் சார்ந்த மனுக்களுக்கும் இந்தக் கெடுபிடி இல்லை.

உரிய மன்றம் வேறு ஊரில் இருந்தால் எழும் சிக்கலுக்கு வேறு வரலாறு. மெட்ராஸ் சட்டமன்ற உறுப்பினர் சாகா வெங்கட சுப்பாராவின் தகுதி பற்றிய வழக்கில், டெல்லியில் இருக்கும் தேர்தல் ஆணையத்துக்கு மெட்ராஸ் உயர் நீதிமன்றம் ரிட் அனுப்ப முடியாது என்று 1953-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1963-இல் அரசியலமைப்பின் 15-ஆவது திருத்தம் வந்தபிறகே, வழக்கு மூலத்தின் ஒரு பகுதி இங்கே எழுந்திருந்தாலும் இங்கே வழக்காடலாம் என்றானது. ஒரே விவகாரத்துக்கு இரண்டு உயர் நீதிமன்றங்கள் கிடைத்தால், இங்கே வாபஸ் வாங்கிவிட்டு அங்கே போனால் என்ன என்ற சபலமும் கூடவே வரும்.

கடைசியாகக் காலவரம்பு. அனுமதி வாங்கி வழக்கைத் திரும்பப் பெற்றாலும், பழைய வழக்கு நடந்தே இராததுபோலத்தான் கெடு கணக்கிடப்படும். விதிவிலக்கு காலவரம்புச் சட்டம் 14-ஆவது பிரிவில் இருக்கிறது: அதிகார வரம்பில்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடும் கவனத்தோடும் வழக்காடிய காலத்தைக் கழித்துவிடலாம். அதனால், அதிகார வரம்புக் குறைபாட்டால்தான் வாபஸ் என்பது உத்தரவிலேயே பதிவாக வேண்டும். "அதிகார வரம்பு இல்லை" என்று எதிர்த்தரப்பு முதல் பதிலுரையிலேயே சொல்லியும் ஆண்டுக்கணக்கில் வாய்தா வாங்கியிருந்தால், நல்லெண்ணம் எங்கே என்று புதிய நீதிமன்றம் கேட்கும்.