கட்டடத்திலிருந்து வரும் நிமோனியா

இங்கிலாந்தின் வடமேற்குக் கடலோரத்தில் பாரோ-இன்-ஃபர்னஸ் என்றொரு துறைமுக நகரம். 2002 ஆகஸ்டில் அந்த ஊர்க்காரர்கள் அடுத்தடுத்து நிமோனியாவில் விழுந்தார்கள். சுமார் 180 பேருக்குத் தொற்று, ஏழு பேர் இறந்தார்கள். நகர மையத்தில் எல்லோரும் நடந்து போகிற ஒரு சந்து. அதற்கு மேலே நகராட்சிக் கலை மையத்தின் ஏசி எந்திரம் ஈரப்புகையை வெளியே தள்ளிக்கொண்டிருந்தது. அந்த எந்திரத்தின் தண்ணீரைச் சுத்தமாக வைத்திருப்பதற்கான ஒப்பந்தத்தை நகராட்சி கைவிட்டிருந்தது. வழக்கு 2006இல் முடிந்தபோது நகராட்சிக்கு 1,25,000 பவுண்டு அபராதம், பொறுப்பிலிருந்த அதிகாரிக்கு 15,000 பவுண்டு. ஆட்கொலைக் குற்றச்சாட்டு நிற்கவில்லை. ஏழு உயிருக்கு அது சில்லறைதான்.

இந்த நோய்க்கு லீஜியனேர்ஸ் என்று பெயர். 1976இல் ஃபிலடெல்ஃபியா ஹோட்டல் ஒன்றில் கூடிய ‘அமெரிக்கன் லீஜியன்’ என்ற முன்னாள் படைவீரர் அமைப்பின் மாநாட்டையொட்டி 34 பேர் இறந்ததால் வந்த பெயர். காரணமான லீஜியனெல்லா என்ற பாக்டீரியா 1977 ஜனவரியில்தான் பிடிபட்டது.

ஆறு குளங்களில் இது சொற்பமாக எப்போதும் இருப்பதுதான். 20 முதல் 45 டிகிரி வரை வெதுவெதுப்பாக, ஓடாமல் தேங்கிய தண்ணீர், கூடவே துருவும் பாசியும் கிடைத்தால் பெருகிவிடும். அந்தத் தண்ணீர் நுண்ணிய துளிகளாகச் சிதறி மூச்சோடு உள்ளே போனால் ஆபத்து. பெரிய கட்டடங்களின் கூலிங் டவர், ஷவர், வெந்நீர்ச் சுழல் தொட்டி, அலங்கார நீரூற்று ஆகியவைதான் வழக்கமான வழிகள். தண்ணீரைத் தொட்டியில் தேக்காத வீட்டு ஏசிக்குப் பயப்பட வேண்டாம். நோயாளியின் பக்கத்தில் உட்காரவும் பயப்பட வேண்டாம். மனிதரிடமிருந்து மனிதருக்கு இது பரவுவதில்லை என்றே சொல்லலாம்.

தொற்றி இரண்டு முதல் பத்து நாளில், சில சமயம் இன்னும் தாமதமாக, கடும் காய்ச்சல், இருமல், மூச்சிரைப்பு, உடம்புவலி வரும். சிலருக்கு வயிற்றுப்போக்கும் மனக் குழப்பமும் சேர்ந்துகொள்ளும். ஐம்பது வயதைத் தாண்டியவர்கள், புகைபிடிப்பவர்கள், நுரையீரல் நோயோ சர்க்கரையோ உள்ளவர்கள், நோய் எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். பத்தில் ஒருவர் வரை இறக்கக்கூடும். நிமோனியாவுக்கு வழக்கமாகத் தரும் அமாக்ஸிசிலின் இதற்கு வேலை செய்யாது. அசித்ரோமைசின், லீவோஃப்ளாக்சசின் போன்றவை வேண்டும். அதனால், எந்த ஹோட்டலில் தங்கினீர்கள், எந்தச் சுழல் தொட்டியில் இறங்கினீர்கள் என்பதை டாக்டர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லிவிடுங்கள்.

பிரிட்டனில் வாடகைக்கு இருக்கும் நம்மவர்களுக்கு ஒரு விஷயம். கோடை விடுமுறைக்கு ஊருக்குப் போய் நான்கைந்து வாரம் கழித்துத் திரும்பினால், வந்ததும் ஷவரில் போய் நிற்காதீர்கள். ஷவர் தலையைக் கழற்றி வைத்துவிட்டு, தண்ணீர் தெறிக்காதபடி சில நிமிடம் சூடாக ஓட விடுங்கள். வெந்நீர்த் தொட்டி இருந்தால் அதில் 60 டிகிரி இருக்க வேண்டும். மின்கட்டணத்துக்குப் பயந்து அதைக் குறைத்து வைப்பது பாக்டீரியாவுக்குச் செய்கிற உபகாரம்.

அங்குள்ள சட்டப்படி, வீட்டுக் குழாய்களிலும் தொட்டியிலும் லீஜியனெல்லா ஆபத்து உண்டா என்று பார்த்துச் சரிசெய்வது வீட்டுக்காரரின் கடமை. ‘லீஜியனெல்லா சான்றிதழ்’ என்று காசு பிடுங்குகிற நிறுவனங்களும் உண்டு. அப்படியொரு சான்றிதழைச் சட்டம் கேட்கவில்லை. வெந்நீர் சரியாகச் சூடாகவில்லை, தொட்டிக்கு மூடி இல்லை என்றால் வீட்டுக்காரருக்கு எழுத்தில் தெரிவித்து நகல் வைத்துக்கொள்ளுங்கள். அசையாவிட்டால் உள்ளூர்க் கவுன்சிலின் சுற்றுச்சூழல் சுகாதாரப் பிரிவுக்குப் போகலாம்.

நோயே வந்துவிட்டால் இழப்பீடு கேட்க இங்கிலாந்தில் பொதுவாக மூன்றாண்டு அவகாசம் உண்டு. அதற்கு ஆதாரம் மருத்துவமனையிலேயே உருவாக வேண்டும். சிறுநீர்ப் பரிசோதனை சீக்கிரம் முடிவு தரும். ஆனால் கிருமி எந்தக் கட்டடத்திலிருந்து வந்தது என்பதை அது காட்டாது. சளியில் வளர்த்தெடுத்த கிருமியைத்தான் அந்தக் கட்டடத்துத் தண்ணீரில் கிடைத்ததோடு ஒப்பிட்டுப் பார்க்க முடியும். ஆகவே சளி மாதிரியும் எடுக்கச் சொல்லிக் கேளுங்கள், முடிந்தால் ஆன்டிபயாடிக் தொடங்கும் முன்பே. அதற்காக மருந்தைத் தள்ளிப்போட வேண்டாம்.