தோற்ற ஆண்டின் பயிற்றுநர்



பரீட்சைப் பெறுபேறுகள் வெளியாகும் காலத்தில் பாடசாலை அதிபரின் மேசைக்கு இருவகைக் கடிதங்கள் வந்து சேரும். நன்கு தேறிய வகுப்பின் ஆசிரியரைப் பாராட்டுவன சில. தேறாத வகுப்பின் ஆசிரியரை மாற்றுமாறு கேட்பன பல. இரண்டாவது வகைக் கடிதத்தைப் பிரிக்கும்போதெல்லாம் இங்கிலாந்தின் உதைபந்தாட்டப் பயிற்றுநர் ஒருவரின் வரலாறு என் நினைவுக்கு வருவதுண்டு. அவர் பெயர் கீத் பேர்கின்ஷோ.

1935ஆம் ஆண்டு, நிலக்கரிச் சுரங்கங்கள் நிறைந்த பார்ன்ஸ்லிப் பகுதியில் அவர் பிறந்தார். இளமையிலே லிவர்பூல் கழகத்திற் சேர்ந்தார். ஆயினும் அங்கே அவருக்கு லீக் போட்டியில் ஒரேயொரு முறைதான் ஆடக் கிடைத்தது. 1957இல் வடமேற்குக் கரையிலுள்ள வேர்க்கிங்டன் என்னும் சிறு துறைமுக நகரின் கழகத்துக்குச் சென்று, ஏறக்குறைய எட்டாண்டுகளில் முந்நூறுக்குச் சற்றுக் குறைவான ஆட்டங்களில் ஆடினார். பின்னர் ஸ்கன்தோர்ப் கழகத்தில் நூற்றுக்கு மேற்பட்ட ஆட்டங்கள்.

அவர் ஆடிய நிலையை அக்காலத்தில் 'ஹாஃப் பேக்' என்பர். பின்காப்பாளருக்கும் முன்னணி வீரருக்கும் இடையே நின்று, எதிரணியின் பந்தைத் தடுத்துத் தம்மவர்க்கு அளிப்பது அந்நிலைக்குரியார் கடமை. இன்று நடுக்கள வீரர் என்கிறோம். கோல் அடித்தவர் பெயரே ஊரெங்கும் பேசப்படும். பந்தைக் கொடுத்தவர் பெயர் மறுநாளே மறக்கப்படும்.

இங்கு லீக் அமைப்பைச் சிறிது விளக்குதல் வேண்டும். 1958 முதல் அங்கே நான்கு பிரிவுகளில் 92 கழகங்கள் இருந்தன. ஒவ்வொரு பருவத்தின் முடிவிலும் கடைநிலைக் கழகங்கள் கீழிறங்க, கீழ்ப்பிரிவின் முதல்நிலைக் கழகங்கள் மேலேறும். நான்காம் பிரிவின் கடைசி நான்கு கழகங்களோ மற்றைக் கழகங்களின் வாக்கைப் பெற்றே அக்காலத்தில் லீக்கில் நீடிக்கக் கூடியனவாயிருந்தன. வேர்க்கிங்டன் போன்ற ஏழைக் கழகத்தில் ஆடியவர் இந்த அச்சத்தை அறிந்தே வாழ்ந்தார்.

இத்தகையவர் சிறந்த பயிற்றுநர் ஆனது எங்ஙனம்? பிறவித் திறமை படைத்தவர் தாம் செய்வதை எவ்வாறு செய்கிறோம் என்று எண்ணிப் பார்ப்பதில்லை. உழைத்துக் கற்றவரோ ஒவ்வொரு படியையும் எண்ணி ஏறியவர். ஆதலால் பிறரையும் படிப்படியாக ஏற்றவல்லவர். வகுப்பறையிலும் இதனை நான் கண்டதுண்டு.

ஆட்டத்தை விட்டபின் அவர் சாம்பியாவிலே சிறிது காலம் பயிற்சியளித்தார். வேர்க்கிங்டனில் அவரை அறிந்திருந்த முகாமையாளர் ஜோ ஹார்வி அப்போது நியூகாசிலில் இருந்தார். அக்கழகத்தில் பேர்கின்ஷோ 1968 முதல் 1975 வரை பயிற்றுநராகப் பணியாற்றினார். அடுத்து லண்டனிலுள்ள ரொட்டன்ஹாம் ஹொட்ஸ்பர் கழகத்துக்கு வந்து, 1976இல் அதன் முகாமையாளரானார்.

முதல் ஆண்டிலேயே பேரிடி விழுந்தது. 1977இல் ரொட்டன்ஹாம், 22 கழகங்களுள் 22ஆவதாக முடிந்தது. 1950 முதல் முதற்பிரிவில் விளங்கிய கழகம் இரண்டாம் பிரிவுக்கு வீழ்ந்தது. அதே ஆண்டில் அவருடைய பழைய வேர்க்கிங்டன் கழகமும் வாக்கிழந்து லீக்கிலிருந்து வெளியேற்றப்பட்டது. இத்தகைய வீழ்ச்சிக்குப்பின் முகாமையாளரை நீக்குவதே வழக்கம். ரொட்டன்ஹாம் பணிப்பாளர்கள் அவ்வாறு செய்திலர், அவரை வைத்துக்கொண்டார்கள்.

மறு ஆண்டு, கடைசிப் போட்டியைச் சமநிலையில் முடித்து, பிரைட்டன் கழகத்தோடு சமபுள்ளிகள் பெற்றும், கோல் வித்தியாசத்தால் மட்டும் முந்தி, மூன்றாம் இடத்துடன் ரொட்டன்ஹாம் மேலேறியது. 1978இல் ஆர்ஜென்டீனா உலகக் கிண்ணத்தை வென்றதும், பேர்கின்ஷோ அந்நாட்டுக்கு விமானமேறி, ஒஸ்வால்டோ ஆர்டிலஸ், ரிக்கார்டோ வில்லா என்னும் இரு வீரரை அழைத்துவந்தார். வெளிநாட்டு வீரரை ஆங்கிலக் கழகங்கள் பெரிதும் நாடாத காலம் அது. சில வாரங்களிலேயே லிவர்பூல் மைதானத்தில் ஏழுக்குப் பூச்சியம் என்ற தோல்வி வந்தது. அதற்காக அவர் தம் வழியை மாற்றினாரில்லை.

பயிற்றுநரின் பண்பு துலங்கிய நாள் 1981இல் வந்தது. சங்கக் கிண்ண இறுதியாட்டத்தில் மான்செஸ்டர் சிற்றியை எதிர்த்து வில்லா சோபிக்கவில்லை. அணி ஒரு கோல் பின்தங்கியிருந்த வேளையில் அவரை வெளியே அழைத்தனர். ஆட்டம் முடியுமுன்னரே அவர் தலைகுனிந்து தனியே நடந்து சென்றார். ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று எனச் சமநிலையில் முடிந்தமையால் ஐந்து நாட்களின் பின் மறுபடியும் நிகழ்ந்தது. வேறொருவரைச் சேர்ப்பது எளிதாயிருந்தும் பேர்கின்ஷோ வில்லாவையே மீண்டும் இறக்கினார். அன்று வில்லா இரண்டு கோல்கள் அடித்தார். எதிரணியார் பலரைக் கடந்து சென்று அடித்த இரண்டாவது கோலே மூன்றுக்கு இரண்டு என்ற வெற்றியை ஈட்டித் தந்தது. 1977இல் தமக்குக் கிடைத்த நம்பிக்கையை 1981இல் அவர் மற்றொருவருக்கு வழங்கினார் என்றே நான் கொள்கிறேன்.

1982இலும் அதே கிண்ணம் ரொட்டன்ஹாமுக்குக் கிடைத்தது. 1984 மே மாதத்தில் பெல்ஜியத்தின் அண்டர்லெக்ட் அணியுடன் யூ.ஈ.எஃப்.ஏ. கிண்ண இறுதியின் இரு ஆட்டங்களும் சமநிலையாயின. தண்டனை உதைகளில், 21 வயதான கோல் காப்பாளர் ரொனி பார்க்ஸ் இறுதி உதையைத் தடுத்து வெற்றி தேடித் தந்தார்.

அந்த வெற்றியோடு பேர்கின்ஷோ கழகத்தை விட்டு வெளியேறினார். கழகம் புதிய உரிமையாளர் கைக்கு மாறி, 1983இல் அதன் பங்குகள் பங்குச் சந்தைக்கும் வந்திருந்தன. முகாமையாளரின் அதிகாரம் சுருங்குவதை அவர் ஏற்கவில்லை. தோற்ற ஆண்டில் காக்கப்பட்டவரை வென்ற ஆண்டில் காக்க ஒருவரும் முன்வந்திலர். பின்னர் அவர் பஹ்ரெய்னிலும் லிஸ்பனிலும் இங்கிலாந்தின் சிறு கழகங்களிலும் பயிற்சியளித்தார். ரொட்டன்ஹாமோ அதன்பின் ஐரோப்பியக் கிண்ணம் ஒன்றை மீண்டும் வெல்ல 2025 வரை, நாற்பத்தொரு ஆண்டுகள் காத்திருந்தது.

ஓராண்டின் பெறுபேறு பொய்யன்று. ஆனால் அது முழு உண்மையும் அன்று. 1977இன் பட்டியலை மட்டும் பார்த்துத் தீர்ப்பளித்திருந்தால், 1981இல் வில்லாவை மீண்டும் களத்தில் இறக்க அங்கே எவர் இருந்திருப்பார்? ஆசிரியரை மாற்றக் கோரும் கடிதத்தில் கையொப்பமிடுமுன் பெற்றோர் இதனைச் சிறிது எண்ணிப் பார்ப்பார்களாக.