30 லட்சம் வாங்கினால் 62 லட்சம் கட்ட வேண்டும்!
வீட்டுக்கடன் தவணைக்குள் ஒளிந்திருக்கும் வட்டிக் கணக்கு

சென்னை நகரில் தினமும் பேப்பர் புரட்டுகிறவர்கள் கண்ணில் அது பட்டிருக்கும். வரி விளம்பரங்களுக்குப் பக்கத்தில் பொடி எழுத்தில் ஒரு கட்டம். 'சுவாதீன அறிவிப்பு' என்று தலைப்பு. கடன் வாங்கியவர் பெயர், ஜாமீன்தாரர் பெயர், சர்வே நம்பர், நான்கு எல்லை, பாக்கித் தொகை.

யாரோ ஒருவருடைய வீடு கையை விட்டுப் போகிறது என்பதுதான் அந்தப் பொடி எழுத்துக்கு அர்த்தம்.

அந்தப் பட்டியலில் மோசடிப் பேர்வழிகளும் உண்டு. மாதச் சம்பளக்காரரும், சின்னதாக மளிகைக் கடை வைத்திருப்பவரும் உண்டு. இவர்களில் பலர் கையெழுத்துப் போட்ட அன்று ஒரே ஒரு கேள்விதான் கேட்டிருப்பார்கள். "மாசம் எவ்வளவு சார் கட்டணும்?"

கேட்க வேண்டிய கேள்வி அது மட்டும் அல்ல. "மொத்தம் எவ்வளவு கட்டணும்?" என்பதுதான் முதல் கேள்வி!

71 பைசா வட்டி

கணக்குக்காக ஒரு குமாஸ்தாவை எடுத்துக்கொள்வோம். தாம்பரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு பிளாட் பார்க்கிறார். கைக்காசு போக 30 லட்சம் ரூபாய் கடன் வேண்டும். வட்டி வருடத்துக்கு 8.5 சதவீதம். கெடு 20 வருடம்.

நம்ம ஊர்ப் பாஷையில் சொன்னால் இது நூற்றுக்கு மாதம் 71 பைசா வட்டி. கடைத் தெருவில் இரண்டு வட்டி, மூன்று வட்டி, ஏன், ஐந்து வட்டிக்குக் கூட வாங்கிப் பழகியவர்களுக்கு இது தர்ம வட்டியாகத் தெரியும். சந்தேகமே இல்லை, குறைந்த வட்டிதான்.

மாதத் தவணை 26,035 ரூபாய். 20 வருடம் என்றால் 240 தவணை. பெருக்கிப் பாருங்கள்: 62 லட்சத்து 48 ஆயிரத்து 400 ரூபாய்!

வாங்கியது 30 லட்சம். வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கி, இரண்டு வீட்டுக்குப் பணம் கட்டுகிறார் நம் குமாஸ்தா.

71 பைசா வட்டி எப்படி இவ்வளவு பெரிசாக வளர்ந்தது? வட்டி செய்த வேலை பாதி. வருடங்கள் செய்த வேலை மீதி. அடகுக் கடையில் வைத்த சங்கிலியை 20 வருடம் யாரும் விட்டு வைப்பதில்லை. வீட்டைத்தான் அப்படி வைக்கிறோம்.

முதல் தவணையில் அசல் எவ்வளவு?

வங்கி ஒவ்வொரு மாதமும் பாக்கி நிற்கிற தொகைக்கு வட்டி போடுகிறது. முதல் மாதம் பாக்கி முழு 30 லட்சம். அதற்கு ஒரு மாத வட்டி 21,250 ரூபாய். குமாஸ்தா கட்டுகிற 26,035ல் இது போக மீதி 4,785 மட்டுமே அசலில் கழிகிறது.

தவணை முழுக்கக் கடனை அடைப்பதாக அவர் நினைத்துக்கொண்டிருக்கிறார். 100 ரூபாய் கட்டினால் 81 ரூபாய்க்கு மேல் வட்டிக்கே போகிறது!

ஐந்து வருடம் ஒரு தவணை தவறாமல் கட்டுகிறார். கட்டிய பணம் 15 லட்சத்து 62 ஆயிரம். அசலில் குறைந்தது 3 லட்சத்து 56 ஆயிரம் மட்டும். பாக்கி இன்னும் 26 லட்சத்து 44 ஆயிரம் நிற்கிறது.

பத்து வருடம் முடிகிறது. வாங்கிய 30 லட்சத்துக்கும் மேலாக, 31 லட்சத்து 24 ஆயிரம் கட்டியாகிவிட்டது. அப்போதும் பாக்கி 21 லட்சம்!

தவணையில் சரிபாதி அசலுக்குப் போகத் தொடங்குவதே கிட்டத்தட்ட 12 வருடம் கழித்துத்தான். அதற்குள் பிளாட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகிறவர், "இத்தனை வருஷம் கட்டினேனே, எங்கே போச்சு?" என்று கேட்பது இதனால்தான். இதில் வங்கி செய்த திருட்டு எதுவும் இல்லை. கணக்கே அப்படி.

"கெடுவை நீட்டிடலாம் சார்"

தவணை கட்டுப்படியாகாது என்று தயங்கினால் லோன் ஏஜெண்ட் கைவசம் ஒரு மருந்து வைத்திருப்பார்.

"ஏன் சார் கஷ்டப்படறீங்க? 20 வருஷத்தை 30 வருஷமா போட்டுடலாம். தவணை குறைஞ்சிடும்."

உண்மைதான், குறைகிறது. 26,035 என்பது 23,067 ஆகிறது. மாதம் 2,968 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்தம் கட்டுவது 83 லட்சத்து 4 ஆயிரம் ரூபாய். மாதம் மூவாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவாக மிச்சம் பிடிக்கப் போய், 20 லட்சத்து 55 ஆயிரம் கூடுதலாகக் கட்ட வேண்டி வருகிறது!

எதிர்ப்பக்கம் போய்ப் பாருங்கள். அதே கடனை 15 வருடத்தில் அடைப்பதாக இருந்தால் தவணை 29,542. மாதம் 3,507 ரூபாய் கூடுதல். மொத்தத்தில் 9 லட்சத்து 30 ஆயிரம் மிச்சம்.

ஏறிய வட்டி, நீண்ட கெடு

இதுவரை பார்த்தது வட்டி மாறாமல் இருந்தால். பெரும்பாலான வீட்டுக்கடன்கள் மாறும் வட்டியில்தான் ஓடுகின்றன. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கிற மாறும் வட்டி வீட்டுக்கடன், வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டிருக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. பல வங்கிகளில் அந்த அளவுகோல் ரெப்போ வட்டி. அது ஏறினால் நம் வட்டியும் ஏறும்.

2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏற ஆரம்பித்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் போய் நின்றது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவீதம்!

7 சதவீத வட்டி, 20 வருடக் கெடு என்று 30 லட்சம் வாங்கியவருக்குத் தவணை 23,259. பாக்கி 29 லட்சம் இருக்கும்போது வட்டி 9.5 சதவீதம் ஆனால், மாத வட்டி மட்டும் 22,958. தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது எவ்வளவு தெரியுமா? 301 ரூபாய்!

அந்த வேகத்தில் போனால் கடன் அடைய இன்னும் 45 வருடத்துக்கு மேல் ஆகும். இப்படிப்பட்ட நிலைமை வந்த இடங்களில் வங்கிகள் தவணையையும் சேர்த்து ஏற்ற வேண்டி வந்தது. மற்றவர்களுக்குக் கெடு மட்டும் சத்தமில்லாமல் நீண்டது. வங்கிக் கணக்கிலிருந்து பிடிக்கிற தொகை மாறாததால் பலர் கவனிக்கவே இல்லை.

இந்தக் குறை ரிசர்வ் வங்கி வரை போனது. 2023 ஆகஸ்ட் 18ல் உத்தரவு வந்தது. வட்டி மாறும்போது தவணை எவ்வளவு, கெடு எவ்வளவு என்று கடன்தாரருக்குச் சொல்ல வேண்டும். தவணையை ஏற்றுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்க விட வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு அறிக்கை தர வேண்டும்.

2025ல் ரெப்போ இறங்கியது. பிப்ரவரியில் தொடங்கி டிசம்பருக்குள் 5.25 சதவீதத்துக்கு வந்தது. வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தவணையையே கட்டி வந்தால், கெடு மளமளவென்று குறையும்.

உதிரிச் செலவுகள்

தவணை அட்டவணையில் வராத செலவுகளும் உண்டு. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். இதற்கு மேல் வங்கியின் பரிசீலனைக் கட்டணம், வக்கீல் ஒப்பீனியன், என்ஜினீயர் மதிப்பீடு, பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவுச் செலவு.

அப்புறம் இன்சூரன்ஸ். "50 ஆயிரம்தான் சார், லோன்லயே சேர்த்துடறோம்" என்பார்கள். கையிலிருந்து காசு போகாததால் தலையாட்டி விடுகிறோம். அந்த 50 ஆயிரத்துக்கும் 20 வருட வட்டி உண்டு. கடைசியில் கட்டுவது 1 லட்சத்து 4 ஆயிரம்! சம்பாதிக்கிறவர் ஒருவர்தான் என்றால் பாதுகாப்பு வேண்டும், அதில் இரண்டு பேச்சு இல்லை. வெளியே தனியாக ஒரு டேர்ம் பாலிசி என்ன விலை என்று விசாரித்துவிட்டுக் கையெழுத்துப் போடலாம்.

கட்டி முடிக்காத பிளாட் என்றால் இன்னொரு ஓட்டை. பில்டருக்குப் பகுதி பகுதியாகப் பணம் போகும் வரை வாங்கிய தொகைக்கு வட்டி மட்டும் கட்டச் சொல்வார்கள். 15 லட்சம் போயிருந்தால் மாதம் 10,625. பில்டர் இரண்டு வருடம் இழுத்தால் 2 லட்சத்து 55 ஆயிரம் போச்சு. அசலில் ஒரு பைசா குறையாது. குடியிருக்கும் வீட்டு வாடகை வேறு!

"வருமான வரி மிச்சமாகுமே" என்று சமாதானம் சொல்வோர் உண்டு. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்குப் பழைய வரி முறையில் வருடம் 2 லட்சம் வரை வட்டிக் கழிவு உண்டு. புதிய வரி முறையில் அது கிடையாது. கிடைத்தாலும் 20 சதவீத வரிக்காரருக்கு ஒரு ரூபாய் வட்டி கட்டினால் மிஞ்சுவது சுமார் 20 பைசா. மற்ற 80 பைசா போனது போனதுதான்.

தவணை தவறினால்?

வேலை போகிறது, கடை படுக்கிறது, வீட்டில் ஒருவருக்கு ஆபரேஷன். 20 வருடத்தில் இதில் ஒன்றாவது வராத குடும்பம் ஏது?

தவணை 90 நாள் நிலுவையில் நின்றால் கடன் வாராக்கடன் ஆகிறது. அதன் பிறகு 2002ம் வருட சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அப்போதும் கட்டாவிட்டால் சிவில் கோர்ட்டுக்குப் போய் வழக்குப் போடாமலே வங்கி வீட்டைச் சுவாதீனம் எடுக்கலாம், ஏலம் விடலாம். பேப்பரில் வரும் அந்தப் பொடி எழுத்துக் கட்டம் இந்தக் கட்டத்தில்தான் வருகிறது.

நோட்டீஸ் வந்ததும் பீரோவில் போட்டுப் பூட்டுவதுதான் பெரிய தப்பு. ஆட்சேபணை எழுதிக் கொடுத்தால் 15 நாளில் வங்கி பதில் சொல்லியாக வேண்டும். சுவாதீன நடவடிக்கை வந்தால் 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். இதற்கெல்லாம் முன்னால், இரண்டாவது தவணை தவறுவதற்குள் மேனேஜரைப் போய்ப் பார்ப்பது இன்னும் நல்லது. கெடு நீட்டிப்பு கேட்க அதுதான் நேரம்.

கடனே வாங்கக் கூடாதா?

அப்படி யாரும் சொல்லவில்லை. வாடகை கொடுத்தாலும் காசு போகத்தான் செய்கிறது. 15 வருடம் கழித்து 26 ஆயிரத்துக்கு இன்றைய மதிப்பு இருக்காது. சம்பளமும் ஏறியிருக்கும். சொந்தக் கூரையின் நிம்மதிக்கு விலை போட முடியாது.

ஆனால் விலை தெரிந்து வாங்க வேண்டும். 2024 அக்டோபர் முதல் கொடுக்கப்படும் சில்லறைக் கடன்களுக்குக் கே.எஃப்.எஸ். என்கிற விவரத் தாளை வங்கி தர வேண்டும். எல்லாச் செலவும் சேர்ந்த வருட வட்டி அதில் இருக்கும். மாதவாரி அட்டவணையும் இருக்கும். வீட்டுக்கு எடுத்து வந்து, மனைவியோடு உட்கார்ந்து, 240வது வரி வரைக்கும் படியுங்கள்.

கையில் போனஸ் வந்தால் அசலில் கட்டுங்கள். தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012லேயே சொல்லிவிட்டது.

நம் குமாஸ்தா வருடம் ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தால் போதும். 20 வருடக் கடன் 17 வருடத்துக்கு முன்பே முடிந்துவிடும். மிச்சம் 6 லட்சம் ரூபாய்க்கு மேல்! கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், கெடுவைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுக்க வேண்டும். ஆரம்ப வருடங்களில் கட்டும் ஆயிரம் ரூபாய்க்குத்தான் பலம் அதிகம்.

கடன் முழுக்க முடிந்த 30 நாளுக்குள் அசல் பத்திரத்தை வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் தப்பால் தாமதமானால் நாளைக்கு 5,000 ரூபாய் நஷ்டஈடு. இது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதி.

பத்திரம் வந்த சந்தோஷத்தில் ஒரு காரியத்தை மறக்க வேண்டாம். சார்பதிவாளர் ஆபீசில் அடமானம் தீர்ந்ததற்கான ரசீதைப் பதிவு செய்து, புது வில்லங்கச் சான்று ஒன்று போட்டுப் பாருங்கள். அதில் வங்கிக் கடன் தீர்ந்ததாகப் பதிவு வந்த பிறகுதான் கணக்கு முழுக்க முடிந்தது.