ஏசியை அழகுக்காக மறைக்கலாமா? வெப்ப உணரி பாதிக்காமல் இருக்கச் செய்ய வேண்டியவை

மும்பை: மாதுங்காவின் பழைய குடியிருப்பானாலும், செம்பூரின் புதிய அடுக்குமாடி வீடானாலும், சுவரில் துருத்தி நிற்கும் ஏசியை அலங்காரப் பலகைக்குள் மறைக்க விரும்புவோர் உண்டு. ஆனால், ஏசியுடன் சேர்ந்து அதன் வெப்ப உணரியும் மூடப்பட்டால் அறை சரியாகக் குளிராது.

உணரி எங்கே உள்ளது?

மேலை நாடுகளில் தெர்மோஸ்டாட் தனிக் கருவியாகச் சுவரில் பொருத்தப்படுகிறது. இந்திய வீடுகளில் உள்ள ஸ்பிளிட் ஏசியில் அந்தப் பணியைச் செய்யும் சிறிய உணரி, அறைக் காற்றை உள்ளிழுக்கும் பகுதியில் அமைந்துள்ளது. அக்காற்றின் வெப்பநிலையைப் பொறுத்தே கம்ப்ரசரின் இயக்கம் அமைகிறது.

மூடினால் என்ன ஆகும்?

பெட்டிக்குள் அடைபட்ட ஏசி, தான் வெளியிட்ட குளிர்காற்றையே மீண்டும் இழுக்கிறது. அறை குளிர்ந்துவிட்டதாக உணரி தவறாகக் கணிப்பதால், கம்ப்ரசர் முன்கூட்டியே நின்றுவிடுகிறது. ஈரப்பதம் நீங்குவதும் தடைபடுவதால், மும்பை போன்ற கடலோர நகரில் புழுக்கம் அதிகரிக்கும். முதியோரும் குழந்தைகளும் கூடுதலாக அவதிப்படுவர்.

இதற்குத் தீர்வாகப் பலர் வெப்பநிலை அளவை மேலும் குறைக்கின்றனர். அளவை ஒரு டிகிரி உயர்த்தினால் சுமார் 6 சதவீத மின்சாரம் மிச்சமாகும் என்பது மத்திய எரிசக்தித் திறன் அமைப்பின் கணக்கு. நட்சத்திரக் குறியீடு பெற்ற அறை ஏசிகளில் 24 டிகிரி செல்சியஸ் இயல்பு அளவாக இருக்க வேண்டும் என்ற விதி, 2020 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ளது. உணரியை மூடினால் இந்தச் சேமிப்பு வீணாகிறது.

தாராவியில் காணப்படுவது போன்ற ஓரறை வீடுகளில் நேர்மாறான சிக்கல் எழலாம். அடுப்புக்கு மேலே ஏசி இருந்தால், உணரி அனலையே அளக்கும்; கம்ப்ரசர் ஓய்வின்றி இயங்கும்.

மறைப்பது எப்படி?

* காற்றை உள்ளிழுக்கும் மேற்பகுதியையும், குளிர்காற்று வெளிவரும் கீழ்ப்பகுதியையும் முழுமையாகத் திறந்து விட வேண்டும்.

* பெட்டிக்குப் பதிலாக, ஏசியின் நிறத்திலேயே சுவருக்கு வண்ணம் பூசலாம். இருபுறமும் அலமாரி அமைத்து அதன் துருத்தலைக் குறைக்கலாம்.

* ரிமோட் சமிக்ஞையைப் பெறும் பகுதியை மறைக்கக் கூடாது. சில ஏசிகளில் ரிமோட்டிலும் உணரி உண்டு. அந்த வசதியைப் பயன்படுத்தும்போது ரிமோட்டை இழுப்பறைக்குள் வைக்கக் கூடாது.

* தனி தெர்மோஸ்டாட் உள்ள வீடுகளில், காற்றுத் துளைகள் மீது வண்ணம் பூசுவதையும் படச்சட்டத்தால் இறுக மூடுவதையும் தவிர்க்க வேண்டும்.

மறைப்பு அமைத்த பின், சாதாரண வெப்பமானி ஒன்றை அறை நடுவே, மின்விசிறிக் காற்று நேரடியாகப் படாத இடத்தில் ஒரு மணி நேரம் வைத்துப் பார்க்கலாம். அது காட்டும் அளவுக்கும் ரிமோட்டில் வைத்த அளவுக்கும் பல டிகிரி வேறுபாடு இருந்தால், மறைப்பை அகற்றி மீண்டும் அளந்து ஒப்பிடுவது நல்லது.